எனக்கு மகள்

உயர்நீதிமன்றத் தாழ்வாரத்தில், தம் ஆட்கொணர்வு மனுவை எப்போது அழைப்பார்களோ என்று காத்திருந்த ஒரு தாயை நான் கண்டதுண்டு. மஞ்சள் பையில் மகளின் பிறப்புச் சான்றிதழையும் மதிப்பெண் பட்டியலையும் மடித்து வைத்திருந்த அந்த அம்மாள், காவலர் துணையோடு மகள் படியேறி வந்தபோது, கழுத்தில் கிடந்த புதுத்தாலியைப் பார்க்குமுன் அவள் மெலிந்திருக்கிறாளா என்றே பார்த்தார். இரு நீதிபதிகள் கேட்டது ஒரே கேள்வி. "என் விருப்பப்படிதான் போனேன்" என்றாள் பெண். பதினெட்டு நிறைந்தவள், மனு முடித்துவைக்கப்பட்டது.

காரணமின்றி அடைபட்டவரை வெளிக்கொணர இங்கிலாந்தில் வளர்ந்த இந்த ஆட்கொணர்வு ரிட்டின் பலத்தால்தான், ஜமைக்காவில் விற்பதற்காகத் தேம்ஸ் நதிக் கப்பலொன்றில் விலங்கிடப்பட்டிருந்த ஜேம்ஸ் சாமர்செட் என்னும் அடிமையை, 1772-இல் மான்ஸ்பீல்டு பிரபு விடுவித்தார். மனிதனை உடைமையாக்கும் கொடுமைக்கு எதிர்நின்ற அதே ஆயுதத்தை, நம் அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவின்கீழ், 'என் பெண்ணை என்னிடம் ஒப்படையுங்கள்' என்று கேட்கப் பெற்றோர் கையிலெடுக்கும்போது, அந்த 'என்' எத்தகையது என்னும் கேள்வி சட்டத்தைக் கடந்து தத்துவ விசாரமாகிவிடுகிறது.

அந்த விசாரம் புதிதன்று. விசுவஜித் என்னும் வேத யாகத்தில், அதைச் செய்விக்கும் யஜமானன் தன்னுடையதனைத்தையும் தானம் செய்யவேண்டும் என்பது விதி. தாய் தந்தையரும் 'தன்னுடைய'வரில் அடங்குவரோ என்னும் ஐயத்துக்கு, எதன்மேல் ஒருவனுக்குப் பிரபுத்துவம் உண்டோ அதையே அவன் கொடுக்க இயலும் என்று ஜைமினியின் மீமாம்சை விடையிறுத்தது. பெற்றவர் விஷயத்தில் எளிதாக ஒப்புக்கொள்ளும் இந்நியாயம் பெற்ற மகளிடம் மட்டும் ஏன் திரியவேண்டும்? கன்னிகாதானம் செய்து பழகிய கைகளுக்கு, தாமே துணையைத் தேடிக்கொண்ட மகள் களவுபோன பொருளாகத் தோன்றுவதே காரணமென்பது என் அபிப்பிராயம்.

தமிழ் இலக்கணம் இதில் இன்னும் நுட்பமானது. உடைமை குறிக்கும் 'அது' என்னும் ஆறாம் வேற்றுமை உருபு உயர்திணைக்கு ஆகாது. 'நம்பிமகன்' என்னும் தொகையை 'நம்பிக்கு மகன்' என்று நான்காம் வேற்றுமை உருபு கொடுத்தே விரிக்கவேண்டும் என்பது தொல்காப்பியர் கொள்கை. சாத்தனது ஆடை என்று சொல்லும் வாயால் சாத்தனது மகள் என்று சொல்லக் கூசிய மொழி நம்முடையது.

கேரள வழக்கொன்றில், உயர்நீதிமன்றம் 2017-இல் செல்லாதெனத் தள்ளிய விவாகத்தை 2018-இல் மீட்டளித்த உச்சநீதிமன்றம், வயதுவந்த பெண்ணின் தேர்வில் நீதிமன்றம் காப்பாளர் ஸ்தானம் எடுத்துக்கொள்ள இடமில்லை என்று தெளிவுபடுத்தியது. ஆயினும் எல்லா மனுக்களும் உடைமைப்பற்றால் எழுவன அல்ல. மிரட்டலும் வஞ்சகமும் உலகில் உள்ளவையே. பெற்றோரும் கணவனும் இல்லாத தனியறையில் பெண்ணைப் பேசவிடும் நீதிபதியை நான் வணங்குகிறேன். 'சற்று யோசிக்கட்டும்' என்று அவளைக் காப்பகத்துக்கு அனுப்பும் ஏற்பாட்டை, விடுதலைக்கான மனுவே சிறையாகிவிடும் அந்த விபரீதத்தை, என்னால் ஏற்க இயலவில்லை.

அந்த அம்மாள் நெடுநேரம் அழுதார். கணவனோடு மகள் படியிறங்கும் வேளையில் பின்னாலேயே விரைந்துபோய், மஞ்சள் பையை அவள் கையில் திணித்தார்.

"இதெல்லாம் நீயே வச்சுக்க. வேலைக்குப் போனாக் கேப்பாங்க."