தேர் வடமும் மனித மனமும்

மனிதன் தனித்துப் பிறக்கின்றான். ஆயினும் தனித்து வாழ்வதில்லை. பிறந்த நாள் முதலாக வீடு, அயல், ஊர், ஆலயம் என்னும் வட்டங்களுக்குள்ளேயே அவனது மனம் உருவாகின்றது. தனிமனிதர் பலர் கூடிச் சமூகத்தை ஆக்குகின்றனர். அச்சமூகமோ அவர்கள் அறியாமலே அவர்களை ஆக்குகின்றது. இவ்வுறவை ஆராயும் துறையே சமூக உளவியல் எனப்படும். இத்துறையின் ஆரம்பப் பரிசோதனைகளுள் ஒன்று கயிறு இழுப்பதாகவே அமைந்தது. ஆண்டுதோறும் தேர் வடம் பிடிக்கும் அடியார்கள் இதனைச் சற்றே சிந்தித்தல் நன்று.

பிரான்சு தேசத்து விவசாயப் பொறியியலாளரான மக்ஸ் றிங்கெல்மான் என்பவர் ஆட்களைத் தனியாகவும் கூட்டமாகவும் இழுக்கச் செய்து அவர்களது வலுவை அளந்தார். அவரது முடிவுகள் 1913 ஆம் ஆண்டில் வெளிவந்தன. எட்டுப் பேர் சேர்ந்து இழுத்தபோது, ஒவ்வொருவரும் தனியே காட்டிய வலுவில் ஏறத்தாழ அரைவாசியே வெளிப்பட்டது. எல்லோரும் ஒரே கணத்தில் இழுக்காமை இதற்கு ஒரு காரணம். ஆனால் அது மட்டுமன்று. 1974 ஆம் ஆண்டில் அமெரிக்காவில் வெளியான ஓர் ஆய்விலே, கண் கட்டப்பட்ட ஒருவர் தமக்குப் பின்னே பலர் இழுக்கின்றனர் என்று நம்பவைக்கப்பட்டார். உண்மையில் பின்னே நின்றோர் எவரும் இழுக்கவில்லை. அவ்வாறிருந்தும் அவருடைய முயற்சி குறைந்தது. “மற்றவர்கள் இழுக்கின்றார்கள்தானே” என்ற எண்ணமே கையைத் தளர்த்திவிடுகின்றது.

1979 ஆம் ஆண்டில் லற்றானே என்னும் உளவியலாளரும் அவருடன் சேர்ந்தோரும் கைதட்டுவதிலும் கூவுவதிலும் இதே தளர்ச்சியைக் கண்டு, அதற்குச் சமூகச் சோம்பல் எனப் பொருள்படும் பெயரை இட்டனர். 1981 இல் அவர்கள் மேலும் ஒன்றைக் காட்டினர். கூட்டத்தினுள் நின்றாலும் தமது ஒலி தனித்து அளக்கப்படுகின்றது என அறிந்தோர் சோம்பியிருக்கவில்லை. ஆகவே மனிதன் இயல்பாகவே சோம்பேறி அல்லன். தன் பங்கு எது என்று தெரியாதவிடத்தே, தன் பங்கைக் காண்பார் இல்லாதவிடத்தே அவன் தளர்கின்றான்.

இவ்வுண்மையைச் சைவ உலகம் புராண வாயிலாக நெடுங்காலத்துக்கு முன்பே அறிந்திருந்தது. திருவெம்பாவைக் காலத்திலே ஆலயங்களில் படிக்கப்படும் திருவாதவூரடிகள் புராணத்தின் மண்சுமந்த சருக்கத்தை அறியாத அடியார் இலர். வைகை பெருகிக் கரை உடைத்தபோது, பாண்டியன் “எல்லோரும் வாருங்கள்” என்று பொதுவாகக் கூறி விடவில்லை. கரையை அளந்து ஊரவர்க்குப் பங்கிட்டுக் கொடுத்தான். பிட்டு விற்றுப் பிழைக்கும் வந்தி என்னும் ஆதரவற்ற மூதாட்டிக்கும் ஒரு பங்கு இருந்தது. ஏழை என்றும் முதியவள் என்றும் அவள் ஊரின் கணக்கிலிருந்து நீக்கப்படவில்லை.

ஆயினும் ஒரு குறை நிகழ்ந்தது. தத்தம் பங்கை அடைத்தவர்களுள் எவரும் அவளுடைய பங்குக்குக் கைகொடுக்க வரவில்லை. அப்போதே சோமசுந்தரக் கடவுள் கூலியாளாக வந்தார். உதிர்ந்த பிட்டைக் கூலியாகப் பெற்று உண்டார், மண் சுமந்தார், ஆடினார், பாடினார், உறங்கினார். அடைபடாத பங்கைக் கண்ட அரசன் பிரம்பினால் அடிக்க, அந்த அடி அரசன் மீதும் பட்டது. எல்லா உயிர்கள் மீதும் பட்டது. ஒருவர் முதுகில் விழும் அடி ஊர் முழுவதற்கும் வலிக்கும் என்பதை இதைவிடத் தெளிவாக எந்த நூல் கூறும்?

வந்தியின் நிலை இன்றும் ஊர்கள்தோறும் உண்டு. பிள்ளைகள் கடல் கடந்து வாழ, வீட்டிலே தனித்திருக்கும் தாய்மார் பலர். அம்மா இரண்டு நாளாகக் கோயிலுக்கு வரவில்லையென்றால் அயலார் அனைவரும் கவனிக்கின்றனர்; ஆனால் “பக்கத்து வீட்டார் பார்த்திருப்பார்கள்” என்று ஒவ்வொருவரும் இருந்துவிடுகின்றனர். 1968 ஆம் ஆண்டில் டார்லி, லற்றானே ஆகியோர் வெளியிட்ட பரிசோதனை இதனையே விளக்குகின்றது. ஒருவருக்கு வலிப்புக் காண்பது போன்ற குரலைத் தாம் மட்டுமே கேட்பதாக எண்ணியவர்களுள் 85 வீதமானோர் அக்குரல் ஓயுமுன் உதவிக்கு எழுந்தனர். தம்முடன் இன்னும் நால்வர் கேட்பதாக எண்ணியவர்களுள் 31 வீதமானோரே எழுந்தனர். அவர்கள் கல் நெஞ்சினர் அல்லர். பொறுப்பு பலருக்குப் பங்கானபோது ஒருவரிடமும் மிஞ்சவில்லை, அவ்வளவே.

2018 ஆம் ஆண்டில் வடபகுதி ஆலயம் ஒன்றிலே மண் அள்ளும் இயந்திரத்தினால் தேர் இழுக்கப்பட்ட செய்தி பலர் மனத்தையும் வருத்தியது. இழுக்க ஆட்கள் போதாமையே காரணம் என்றனர் ஒரு சாரார். வடத்தைச் சில அடியார்கள் தொடக்கூடாது என்னும் சாதி எண்ணமே காரணம் என்றனர் மறு சாரார். இவற்றுள் எது உண்மையாயினும் அது எல்லா ஊர்களுக்கும் ஓர் எச்சரிக்கையே. ஆட்கள் இல்லையென்றால் ஊர் தளர்ந்துவிட்டது. ஆட்கள் இருந்தும் விலக்கப்பட்டார்களென்றால் ஊர் தன் கையைத் தானே வெட்டிக்கொண்டது. சாதியின் பெயரால் வழிபாட்டைத் தடுப்பது குற்றமென இந்நாட்டுச் சட்டம் 1957 ஆம் ஆண்டிலேயே விதித்தது. பாண்டியன் பங்கிட்ட கரையிலே வந்திக்கும் பங்கு உண்டென்றால், இறைவன் ஏறும் தேரின் வடத்திலே எவருக்குத்தான் பங்கில்லை?

தவறென்று உள்ளத்தில் அறிந்தும் பலர் வாய் திறவாதிருப்பது ஏன்? இதற்கும் உளவியலில் விடை உண்டு. சொலமன் ஆஷ் என்பவர் 1951 ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆய்விலே, கோடுகளின் நீளத்தை ஒப்பிடும் எளிய வினாவுக்கு முன்னேற்பாடாக வைக்கப்பட்டோர் வேண்டுமென்றே பிழையான விடை கூறினர். அவர்கள் நடுவே இருந்த உண்மையான பங்குபற்றுநர்கள், தம் கண்ணே சாட்சியாக இருந்தும், ஏறத்தாழ மூன்றில் ஒரு தடவை கூட்டத்தோடு சேர்ந்து பிழையையே கூறினர். ஆனால் அக்கூட்டத்தில் ஒரேயொருவர் சரியான விடையைக் கூறியபோது, இவ்வாறு இணங்குவது முன்னையதில் காற்பங்களவாகக் குறைந்தது. ஊர் மாறுவதற்கு ஊர் முழுவதும் எழ வேண்டியதில்லை. மரியாதையோடும் உறுதியோடும் “இது தவறு” என்று சொல்லும் ஒருவர் எழுந்தால், மௌனமாயிருக்கும் பலருக்கு அவர் துணையாகின்றார்.

ஆதலால் திருவிழாக் காலத்தில் “எல்லோரும் வந்து தொண்டு செய்யுங்கள்” என்னும் பொது வேண்டுகோள் மட்டும் போதாது. தண்ணீர்ப் பந்தல், வீதி துப்புரவு, அன்னதானம், தேர்ச் சில்லுக்குக் கட்டை கொடுத்தல் என ஒவ்வொன்றும் பெயர் குறித்துப் பொறுப்பளிக்கப்பட வேண்டும். தனித்து வாழும் முதியவர் ஒவ்வொருவரையும் நாள்தோறும் எட்டிப் பார்க்க ஓர் இளைஞர் பெயர் குறிக்கப்பட வேண்டும். திருவிழா முடிந்து கொடி இறங்கிய பின்பும் அந்தப் பொறுப்பு இறங்கலாகாது. வடம் பிடிக்க வரும் எந்தக் கையையும் எவரும் விலக்கலாகாது.

நூறு பேர் நடுவே நின்றாலும் ஒருவர் இழுத்த இழுப்பை இறைவன் தனித்து அறிவான். கூட்டத்தில் மறைந்து நிற்போர் மனிதரின் கண்ணுக்கு மறையலாம். தேரில் எழுந்தருளியிருக்கும் பெருமானின் கண்ணுக்கு மறைவதில்லை. அவ்வுணர்வோடு வடம் பிடிக்கும் ஊரின் தேர் இருப்பிடம் சேரும், ஊரும் உய்யும். எல்லாம் வல்ல எம்பெருமானின் திருவருள் அடியார் அனைவர்க்கும் கிட்டுவதாக.

சுபம்.