வரி கொடுத்தோன் வாய்

பாஞ்சாலங்குறிச்சி புகட்டும் பாடம் யாது? கும்பெனியாரின் கிஸ்தி வேட்டையை எதிர்த்த கட்டபொம்மன், 1799 அக்டோபர் 16 அன்று கயத்தாற்றில் தூக்கிலிடப்பட்டான்.

இன்று கோவில்பட்டித் தீப்பெட்டி வாங்கும் கரிசற்காட்டு உழவனும் வரி கொடுக்கிறான். சட்டமின்றி வரியில்லை என்கிறது அரசியல் சட்டம். அச்சட்டத்துக்கு அவன் சார்பில் இசைவு தருவோர் யார்? அவன் வாக்கால் அமைவது மக்களவை. அவன் தேர்ந்த சட்டமன்றத்தார் வாக்கால் அமைவது மாநிலங்களவை. பண மசோதாவை மாநிலங்களவை 14 நாட்களுக்குள் திருப்பியனுப்ப வேண்டும். அதன் பரிந்துரையைத் தள்ளிவிட மக்களவைக்கு உரிமையுண்டு.

ஆயின் அவ்வவை வீணோ? 1962இல் காஞ்சியில் தோற்ற அண்ணா, அங்கு நின்றன்றோ தென்னாட்டின் குரலை நாடறிய முழங்கினார்!

எந்த அவையாயினும், வரி கொடுத்தவனுக்காக வாய் திறவாதவன் பிரதிநிதியா, கிஸ்தி தண்டுவோனின் துணைவனா? தோழர்களே! வாக்குக் கேட்டு வருவோரிடம், அவையில் எமக்காக என்ன கேட்டீர் என்று நாம் கேட்போம்.