இரு கோப்பைகள்

தமிழில் கோப்பை என்னும் சொல் இரு பொருள் தரும். ஆட்டத்தில் வென்றவன் தலைக்குமேல் தூக்கிக் காட்டுவதும் கோப்பை. மாலையில் மதுக்கடையின் மூலையில் அமர்ந்தவன் உதட்டில் வைப்பதும் கோப்பை. சென்ற ஆண்டு பொங்கல் விழாவை ஒட்டிக் கால்பந்துப் போட்டி நடத்த முனைந்த இளைஞர் சிலர் நம்மிடம் வந்து ஒரு கேள்வி கேட்டபோது, இவ்விரு பொருளும் ஒன்றோடொன்று மோதின. மதுக்கூடம் நடத்தும் செல்வர் ஒருவர் சுழற்கோப்பையும் அணிகளுக்குச் சட்டைகளும் தர இசைந்திருக்கிறார். பெற்றுக்கொள்ளலாமா என்பதே கேள்வி. கூடாது என்று உடனே சொல்ல நா எழுந்தது. ஏன் கூடாது என்று அவர்கள் திருப்பிக் கேட்டபோதோ, சொல்வதற்கு நம்மிடம் ஒழுங்கான விடை இல்லை. அந்த விடையைத் தேடிய வழியையே ஈண்டு எழுதுகிறோம்.

மூணாற்று மலைகளில் நம்மவர் கால்பந்து ஆடத் தொடங்கியதற்கும் ஸ்காட்லாந்து நாட்டிற்கும் நேரான தொடர்பு உண்டு. 1897-இல் நிறுவப்பெற்ற கண்ணன் தேவன் மலைக் கம்பெனியின் பின்னின்றது கிளாஸ்கோ நகரத்து ஜேம்ஸ் பின்லே நிறுவனம். அந்தத் துரைமார் தேயிலையோடு தம் ஊர் ஆட்டத்தையும் மலையேற்றினர். அவர்கள் பெயரால் அமைந்த பின்லே கேடயப் போட்டி, அவர்கள் போன பின்னும், தோட்டங்கள் டாடா நிறுவனத்தின் கைக்கும், 2005-இல் தொழிலாளரே பெரும்பாலும் பங்குதாரரான கம்பெனியின் கைக்கும் மாறிய பின்னும் தொடர்ந்தது. கன்னிமலையும் செண்டுவாரையும் குண்டுமலையும் பெரியவாரையும் தேயிலைத் தோட்டங்களின் பெயர்கள் மட்டுமல்ல. நம் மக்களுக்கு அவை அணிகளின் பெயர்களும் ஆகும். பழைய மூணாற்று மைதானத்தில் பனி இறங்கும் வேளையில், லயத்து வீடுகளிலிருந்து வந்த கூட்டம் தன் தோட்டத்தின் பெயரைச் சொல்லிக் கூவுவதைக் கேட்டவர்க்கு அது விளங்கும்.

துரைமார் கொண்டுவந்தது பந்து ஒன்று மட்டுமன்று. மூணாற்று ஹைரேஞ்ச் கிளப்பின் மதுக்கூடத்தில், நெடுங்காலம் பணியாற்றிய தோட்டத் துரைமாரின் தொப்பிகள் சுவரில் வரிசையாகத் தொங்குகின்றன. அங்கே குடித்தது நாகரிகம் எனப்பட்டது. லயத்தில் குடித்தது ஒழுங்கீனம் எனப்பட்டது. பிரட்டுக்கு வராதவன் கூலியை இழந்தான். முந்தின இரவு கிளப்பில் நெடுநேரம் இருந்த துரைக்கு அத்தகைய கணக்கு இல்லை. ஆகவே மது தீது என்று பேசத் தொடங்கும்போதே, யாருடைய மது என்ற கேள்வியையும் உடன் வைத்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. நம் இலக்கியத்தைத் துணைக்கு அழைத்தாலும் அது ஒரே குரலில் பேசவில்லை. வள்ளுவர் கள்ளுண்ணாமைக்குத் தனி அதிகாரம் வகுத்தார். ஔவையாரோ அதியமான் இறந்தபோது, அவன் தம்மோடு கள்ளைப் பகிர்ந்துண்ட அன்பை எண்ணியே அழுதார். இருவரும் நமக்கு வேண்டியவர்கள்.

பந்து பிறந்த மண்ணுக்கே சென்று பார்ப்போம். கிளாஸ்கோவின் கீழ்ப்பகுதியில், அயர்லாந்திலிருந்து பிழைக்க வந்த ஏழைக் குடும்பங்களின் பிள்ளைகளுக்கு உணவளிக்கப் பணம் திரட்டும்பொருட்டு, வால்பிரிட் என்னும் துறவி 1887-இல் ஒரு கால்பந்துக் கழகத்தைத் தொடங்கினார். அதுவே பின்னர் உலகப் புகழ் பெற்ற செல்டிக். நாடுவிட்டு நாடு வந்து, வேற்று மொழியாரின் நடுவே பிள்ளைகளை வளர்க்கும் நம் போன்றோர்க்கு இந்த வரலாறு உள்ளத்தைத் தொடுவது. ஆனால் பத்தே ஆண்டுகளில், 1897-இல், அக்கழகம் பங்கு நிறுவனமாக மாறிற்று. அதன் இயக்குநர்களில் மதுக்கடை நடத்தியோர் சிலர் அமர்ந்தனர். கண்ணன் தேவன் கம்பெனி பிறந்ததும் அதே ஆண்டு என்பது தற்செயல்தான்; எனினும் நமக்கு அது மறக்கவில்லை.

பசித்த பிள்ளைக்காகப் பிறந்த ஆட்டம் கடைக்காரன் கைக்குப் போனது எவ்வாறு? எவரும் சதி செய்யவில்லை. சனிக்கிழமை அரைநாள் வேலை; வாரக்கூலி கையில்; பல்லாயிரம் ஆடவர் ஒரே திசையில் நடக்கிறார்கள்; அந்த வழியெல்லாம் மதுக்கடை. இதற்குமேல் என்ன வேண்டும்? நம் தோட்டப்புறங்களில் சம்பள நாள் மாலையைப் பார்த்தவர்க்கு விளக்கம் தேவையில்லை. கொல்கத்தாவில் 1998-இல் மோகன் பகானுக்கும் ஈஸ்ட் பெங்காலுக்கும் ஒரே மது நிறுவனக் குழுமம் பொருள் தந்து, ஒன்றின் பெயருக்கு முன் மெக்டவலையும் மற்றொன்றின் பெயருக்கு முன் கிங்பிஷரையும் சேர்த்தது. மெக்டவல் என்பதும் சென்னையில் வணிகம் செய்த ஒரு ஸ்காட்லாந்துக்காரரின் பெயரே. பின்னர் கிளாஸ்கோவிலும் செல்டிக், ரேஞ்சர்ஸ் ஆகிய இரு பகையணிகளின் சட்டையிலும் ஒரே மதுவின் பெயர் இருந்த காலம் உண்டு. எவன் வென்றாலும் தோற்றாலும் விற்பவனுக்குத் தோல்வியில்லை.

இந்தப் பிணைப்பின் விளைவு 1980 மே 10 அன்று ஹாம்டன் பார்க் மைதானத்தில் வெளிப்பட்டது. ஸ்காட்லாந்துக் கோப்பையின் இறுதி ஆட்டத்தில் செல்டிக் ஒரு கோலால் வென்றதும் இரு தரப்பாரும் ஆடுகளத்தில் இறங்கி மோதினர். குதிரைப் போலீசார் புகுந்து கலைக்க நேர்ந்தது. அதே ஆண்டு அரசு சட்டம் இயற்றி மைதானங்களில் மதுவைத் தடைசெய்தது. அரங்கிற்குள் ஒழுங்கு கூடிற்று என்பதை மறுப்பதற்கில்லை. ஆயினும் மிகுந்த விலை கொடுப்போர்க்கான விருந்து அறைகளில் மது தொடர்ந்தது. படிக்கட்டில் நிற்பவனுக்குத் தடை, கண்ணாடிக்குப் பின்னே அமர்ந்தவனுக்கு விலக்கு. ஹைரேஞ்ச் கிளப்பின் தொப்பிகள் மீண்டும் நினைவுக்கு வந்தன.

இன்னொன்றும் கவனிக்கத்தக்கது. அதே ஸ்காட்லாந்து மக்கள் தம் நாட்டணியைத் தொடர்ந்து வெளிநாடு செல்லும்போது குடிக்கிறார்கள், மிகுதியாகவே குடிக்கிறார்கள். எனினும் கலகம் செய்யாத விருந்தினர் என்று பெயரெடுத்திருக்கிறார்கள். குடித்தவன் என்ன செய்வான் என்பதைக் குடி மட்டும் முடிவு செய்வதில்லை. தன்னை அவன் யாரென்று எண்ணுகிறான் என்பதும் முடிவு செய்கிறது. ‘குடிவெறியில் செய்துவிட்டேன்’ என்ற சொல் பாதி உண்மையாகவும் பாதி தப்பித்தலாகவும் இருப்பது இதனால்தான்.

இதுவரை மைதானத்தையே பேசினோம். உண்மையில் நம்மை உறுத்துவது மைதானமன்று. செல்டிக்கும் ரேஞ்சர்சும் மோதும் நாட்களில் வீடுகளில் பெண்கள்மீது வன்முறை கூடுவதைக் கிளாஸ்கோ காவல் துறையினர் 2011-இல் வெளிப்படையாகவே பேசினர். ஆடுகளத்தில் பந்து நின்ற பின்பு, வேறொரு கதவு சாத்தப்படுகிறது. அதைத் தடுக்க 1980-ஆம் ஆண்டுச் சட்டத்தில் ஒரு சொல்லும் இல்லை.

பந்தாட்டம் மனிதனுக்குத் தரும் பெரும் இன்பம், ‘நான்’ என்பது கரைந்து ‘நாம்’ ஆவதே. ஒன்றரை மணி நேரம் அவன் தனியன் அல்லன். ஒரு தோட்டம், ஓர் ஊர். ஆட்டம் முடிந்ததும் அந்த நாம் கலையத் தொடங்குகிறது. அதைக் கலையவிடாமல் இன்னும் சிறிது நேரம் பிடித்து வைக்கவே நண்பர்கள் கடைக்குப் போகிறார்கள் என்று எண்ணுகிறோம். இதில் இழிவு ஒன்றுமில்லை, ஏக்கமே உண்டு. ஆனால் அந்த ‘நாம்’ என்பதில் யார் சேர்ந்திருக்கிறார்கள்? பகல் முழுதும் கொழுந்து கிள்ளியவள் அதில் இல்லை. அவள் கூலியிலிருந்து ஒரு பகுதி மட்டும் அதில் இருக்கிறது. 2015 செப்டம்பரில் மூணாற்றுப் பெண் தொழிலாளர்கள் 20 விழுக்காடு போனசுக்காகச் சாலையில் அமர்ந்தபோது, தொழிற்சங்கத் தலைவர்களை அருகே வரவிடவில்லை. ‘பெண்கள் ஒற்றுமை’ என்று தமக்குத் தாமே பெயரிட்டுக்கொண்டு ஒன்பது நாள் இருந்தார்கள், வென்றார்கள். அதுவும் ஒரு ‘நாம்’.

இவற்றையெல்லாம் இளைஞர்களிடம் சொன்னோம். அவர்கள் எளிதில் விடவில்லை. அட்டைக் கடியிலும் குளிரிலும் உழைப்பவன் மாலையில் சிறிது குடிப்பதைத் தடுக்க நாம் யார் என்றார் ஒருவர். சரியான கேள்வி, நாம் யாருமல்லர். கேரளத்தில் 1996-இல் சாராயம் தடைசெய்யப்பட்டது, 2014-இல் மதுக்கூடங்கள் மூடப்பட்டன, 2017-இல் மீண்டும் திறந்தன. தமிழகத்திலோ 2003 முதல் அரசே கடை வைத்து விற்கிறது. கொழிஞ்சாம்பாறையிலும் போடிமெட்டிலும் வாழும் நம்மவர், ஒரு பக்கம் மூடினால் மறுபக்கம் செல்லும் வழியை அறியாதவர்களா? அரசே விற்கும்போது, அந்த வருவாயில் பள்ளிக்கூடமே நடக்கும்போது, ஒரு கோப்பையை மட்டும் மறுப்பது போலித் தூய்மையன்றோ என்றார் மற்றொருவர். இதற்கு நம்மிடம் முழு விடை இல்லை என்பதை ஒப்புக்கொண்டோம்.

ஒன்று மட்டும் சொன்னோம். குடிப்பவனை நாம் விலக்கவில்லை. அவனும் ஆடலாம், பார்க்கலாம். கோப்பை தரும் செல்வரையும் பகைக்கவில்லை. அவர் கேட்பது நம் நன்றியை அன்று; பன்னிரண்டு வயதுச் சிறுவன் தன் அண்ணன் கோல் அடித்த மகிழ்ச்சியை நினைக்கும்போதெல்லாம் தம் கடையின் பெயரும் கூட நினைவுக்கு வரவேண்டும் என்பதையே கேட்கிறார். அந்தச் சிறுவனின் நினைவு விற்பதற்கு நம்முடையதன்று. அரசு செய்வது தவறென்றால், அது நாமும் செய்வதற்கு அனுமதி ஆகாது.

அவர்கள் பாதி மனத்தோடுதான் எழுந்து போனார்கள். பின்னர் மகளிர் சுயஉதவிக் குழுவொன்று கொடுத்த பணத்தில் ஒரு கோப்பை வாங்கினார்கள். சிறியது, கைப்பிடி சற்றுக் கோணல். சட்டைகளுக்குப் பணம் போதாமல் ஓர் அணி பழைய சட்டையிலேயே ஆடிற்று. பணம் கொடுத்த பெண்கள், இந்தக் கோப்பை நம்முடையது என்று சொல்லிக் களத்தின் ஓரத்தில் முதன்முறையாக முன்வரிசையில் வந்து நின்றார்கள். அன்றிரவும் சிலர் குடிக்கத்தான் செய்தனர். வென்ற அணியின் தலைவர் மட்டும், கோப்பையை எங்கே வைப்பது என்று தெரியாமல், நேரே அந்தப் பெண்களிடமே கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு வீட்டுக்கு நடந்தார்.