சோற்றுக் கடனும் சொந்தக் காலும்

ஒருவர் நமக்கு உதவி செய்கிறார். அதற்கு நாம் நன்றி செலுத்த வேண்டும். இதில் யாருக்கும் கருத்து வேற்றுமை இல்லை. ஆனால் எவ்வளவு காலம் செலுத்த வேண்டும்? பத்து ஆண்டுகள் போதுமா, ஆயுள் முழுவதும் வேண்டுமா? உதவி பெற்றவன் ஒருநாள் தன் வழியைத் தேடிப் புறப்பட்டால், அவனை நன்றி கெட்டவன் என்று சொல்ல நமக்கு உரிமை உண்டா?

கர்ணன் கதையைக் கேட்கும்போதெல்லாம் நாம் இந்தக் கேள்வியின் அருகில் போய்த் திரும்பி விடுகிறோம். அவன் நின்ற பக்கம் அதர்மத்தின் பக்கம் என்று தெரிந்தும், செஞ்சோற்றுக் கடன் கழித்தவன் என்பதற்காக அவனுக்குக் கண்ணீர் விடுகிறோம். ஆனால் கர்ணனுக்கு வந்த சோதனை போர்க்களத்தில் வந்தது. சாதாரண மனிதர்களுக்கு அது சம்பளச் சீட்டின் வடிவத்தில் வருகிறது. அப்படி வந்த ஒரு சோதனையைச் சொல்கிறேன். நடந்த இடம் ஆஸ்திரேலியா. சோதனைக்கு ஆளானவர் ஒரு கால்பந்து ஆட்டக்காரர். பெயர் ரான் பராசி.

அங்கே ஆடும் கால்பந்து நாம் அறிந்த கால்பந்து அன்று. மைதானமும் முட்டை வடிவம், பந்தும் முட்டை வடிவம். பக்கத்துக்குப் பதினெட்டுப் பேர். பந்தைக் காலால் உதைக்கலாம். கையில் வைத்துக் குத்தி அனுப்பலாம். எதிரியின் தோளுக்கு மேல் எழும்பிப் பிடிக்கலாம். மெல்போர்ன் நகரில் 19-ஆம் நூற்றாண்டில் பிறந்த ஆட்டம் இது. அந்த நகரத்தின் பேட்டைகள் தத்தமக்கென்று கழகம் வைத்திருந்தன. குழந்தைக்குக் குலமும் மதமும் பிறப்போடு வருவதுபோல் அங்கே கழகமும் வந்து சேரும். கழகம் மாறுவது ரசிகனுக்கே குற்றம். ஆட்டக்காரனுக்குச் சொல்ல வேண்டுமா?

பராசியின் தந்தையும் அதே பெயர் கொண்டவர். மெல்போர்ன் கழகத்தின் ஆட்டக்காரர். 1940-இல் அக்கழகம் கோப்பை வென்றபோது குழுவில் இருந்தார். அடுத்த ஆண்டு டொப்ருக் போர்முனையில் உயிரிழந்தார். மகனுக்கு அப்போது ஐந்து வயது. தந்தையோடு ஆடிய தோழர் நார்ம் ஸ்மித், பின்னாளில் அதே கழகத்தின் பயிற்சியாளர் ஆனார். பையன் வளர்ந்து வாலிபனானபோது அவனைத் தம் வீட்டிலேயே தங்க வைத்துக்கொண்டார். அந்நாளில் எந்தப் பேட்டையில் குடியிருக்கிறானோ அந்தப் பேட்டையின் கழகத்துக்குத்தான் ஒருவன் ஆட வேண்டும். தந்தை ஆடிய கழகத்தில் மகன் சேரலாம் என்று ஒரு விதி வந்ததால், பராசி மெல்போர்ன் கழகத்தில் இடம் பெற முடிந்தது. 1953-இல், பதினேழு வயதில், தந்தை அணிந்த அதே 31-ஆம் எண் சட்டையை அணிந்து களம் இறங்கினார்.

சோறு, கூரை, தொழில், தந்தையின் சட்டை — இத்தனையும் ஓரிடத்திலிருந்து ஒருவனுக்குக் கிடைத்தால் அந்தக் கடன் எவ்வளவு பெரிது!

பராசி கடனைத் திருப்பிக் கொடுக்காமல் இல்லை. ஸ்மித்தின் பயிற்சியில் மெல்போர்ன் கழகம் 1955, 1956, 1957, 1959, 1960, 1964 ஆகிய ஆறு ஆண்டுகளில் கோப்பை வென்றது. ஆறிலும் பராசி ஆடினார். கடைசி இரண்டில் அவரே தலைவர். 1964 இறுதி ஆட்டத்தில் காலிங்வுட் கழகத்தை நான்கே புள்ளிகளில் வென்றார்கள். அந்த வெற்றியின் ஆரவாரம் அடங்குவதற்குள் செய்தி வந்தது: பராசி கார்ல்டன் கழகத்துக்குப் போகிறார், அங்கே தலைவரும் அவரே, பயிற்சியாளரும் அவரே, பணமும் தாராளம்.

நகரம் திகைத்தது. துரோகம் என்ற சொல் எழுந்தது. பணத்துக்கு விலைபோய்விட்டார் என்றார்கள்.

இந்தக் கோபத்தை எள்ளி நகையாட என்னால் முடியாது. வாரம் முழுவதும் தொழிற்சாலையில் உழைத்துவிட்டு, சனிக்கிழமை பிற்பகல் ஒன்றையே தன்னுடையது என்று வைத்திருக்கும் மனிதனை எண்ணிப் பாருங்கள். அவனுக்குச் சம்பளமும் இல்லை, பரிசும் இல்லை. மழையில் நனைந்து தொண்டை கிழியக் கத்தியதுதான் அவன் போட்ட முதல். நம்மவர் என்று அவன் நெஞ்சில் வைத்திருந்த ஒருவர், எதிர்ச் சட்டையை மாட்டிக்கொண்டு எதிரே வந்து நின்றால் அவன் மனம் கசந்துதான் போகும்.

ஆனால் மறுபக்கத்தையும் பார்க்க வேண்டும். லட்சம் பேர் சீட்டு வாங்கிப் பார்த்த அந்த ஆட்டத்தில், ஆட்டக்காரருக்குக் கொடுக்கும் கூலிக்கு லீக் வரம்பு கட்டியிருந்தது. அவர்கள் வேறு வேலை பார்த்துப் பிழைத்தவர்கள். கூலி சொற்பம், எதிர்பார்த்த விசுவாசமோ அளவற்றது. கழகம் அனுமதி தராமல் ஆட்டக்காரர் வெளியேற முடியாது. கழகம் ஓர் ஆட்டக்காரரை வெளியேற்ற நினைத்தால் யாருடைய அனுமதியும் வேண்டியதில்லை. ஒரு பக்கம் மட்டும் கட்டும் கயிற்றுக்கு விசுவாசம் என்று பெயர் வைப்பது நியாயமா?

இதற்கு விடை சொல்வதுபோல் அடுத்த ஆண்டே ஒன்று நடந்தது. 1965-இல் மெல்போர்ன் கழகம் முதல் எட்டு ஆட்டங்களிலும் வென்றது, பிறகு சறுக்கியது. ஜூலை மாதம் ஒரு மாலை, நார்ம் ஸ்மித்தின் வீட்டுக்கு ஓர் ஆள் கடிதம் கொண்டு வந்தான். பயிற்சியாளர் பதவியிலிருந்து அவரை நீக்கிவிட்டதாக நிர்வாகக் குழு எழுதியிருந்தது. ஆறு கோப்பைகள் வாங்கிக் கொடுத்தவருக்கு ஒரு கடிதம்! ஊர் கொதித்தது, சில நாட்களுக்குள் அவரைத் திரும்ப அமர்த்தினார்கள். ஆனால் முறிந்த பாலைத் திரும்பவும் பாலாக்க முடியுமா? 1964-க்குப் பிறகு அக்கழகம் அடுத்த கோப்பையைப் பார்த்தது 2021-இல்தான்.

இங்கேதான் உண்மை எனக்குத் துலங்குகிறது. கர்ணன் கடன்பட்டது ஒரு மனிதனுக்கு. தேர்ப்பாகன் மகன் என்று சபை சிரித்தபோது அவன் கையைப் பிடித்த ஒரு மனிதனுக்கு. நிறுவனம் மனிதன் அன்று. அதற்கு நெஞ்சு கிடையாது. நெஞ்சு உள்ளவர்கள் அதற்குள்ளே இருப்பவர்கள். நிறுவனம் நன்றி கேட்கும்போது, யாரோ செய்த அன்புக்கு யாரோ வட்டி வசூலிக்கிறார்கள்.

“அப்படியானால் ஸ்மித் மனிதர்தானே? அவரை விட்டுப் போனது சரியா?” என்று நீங்கள் கேட்கலாம். கேள்வி கூர்மையானது, எளிதில் தப்பிக்க முடியாது. ஆனால் வளர்த்தவர் எதற்காக வளர்க்கிறார்? தம் நிழலிலேயே நிற்பதற்காகவா, தனியே நிழல் தருவதற்காகவா? இருபத்தெட்டு வயதான பராசிக்கு, ஸ்மித் இருக்கும் இடத்தில் தாம் என்றும் பிள்ளைதான் என்பது தெரிந்திருக்கும். பிள்ளையாகவே இருப்பது சுகம். ஆனால் அது வளர்த்தவரின் உழைப்பைப் பாதியில் நிறுத்துவது ஆகும்.

கார்ல்டன் 1947-க்குப் பிறகு கோப்பையைக் காணாத கழகம். ஸ்மித்திடம் கற்ற கண்டிப்பைப் பராசி அங்கே கொண்டுபோனார். 1968-இல் கோப்பை வந்தது. 1970 இறுதி ஆட்டத்தில், 1,21,696 பேர் முன்னிலையில், பாதி ஆட்டம் முடிந்தபோது கார்ல்டன் 44 புள்ளிகள் பின்தங்கியிருந்தது. முடிவில் பத்துப் புள்ளிகளில் வென்றது. ஸ்மித் விதைத்தது வேறொருவர் தோட்டத்தில் காய்த்தது. விதைத்தவனுக்கு அது நஷ்டமா?

பிறகு வடமெல்போர்ன் கழகத்துக்கு 1975-இலும் 1977-இலும் கோப்பை வாங்கிக் கொடுத்தார். அதன் பிறகு அவர் செய்ததுதான் என்னை நெகிழ வைக்கிறது. 1981-இல் மெல்போர்ன் கழகத்துக்கே பயிற்சியாளராகத் திரும்பினார். வெற்றியின் உச்சியில் விட்டுப் போனவர், தாழ்ந்து கிடந்த காலத்தில் திரும்பி வந்தார். அந்த ஆண்டு அக்கழகம் வென்றது ஒரே ஓர் ஆட்டம். ஐந்து ஆண்டுகள் முயன்றார், கோப்பை வரவில்லை. “சம்பளத்துக்குத்தானே வந்தார்?” என்று யாராவது கேட்கலாம். சம்பளம் மட்டுமே குறி என்றால், தோற்கும் வீட்டுக்கு வந்து பெற்ற பெயரையும் கெடுத்துக்கொள்ள வேண்டியதில்லையே!

2023 செப்டம்பரில், 87-ஆம் வயதில் பராசி மறைந்தார். அவர் எந்தக் கழகத்தின் மனிதர் என்று அன்று யாரும் வழக்காடவில்லை. மெல்போர்ன் மைதானத்தின் வாசலில் அவர் சிலையாக நிற்கிறார். எந்தச் சட்டைக்காரர் உள்ளே போனாலும் அவரைக் கடந்துதான் போக வேண்டும்.

நன்றி என்பது கட்டிப்போடும் கயிறு அன்று. கொடுத்தவர் கணக்கு நீட்டினால் அவர் வள்ளல் அல்லர், வட்டிக்கடைக்காரர். ஆனால் வாங்கியவனுக்கும் ஒரு கணக்கு உண்டு. அதை அவன் தன் மனத்துக்குள் வைத்திருக்க வேண்டும். போகிற உரிமை அவனுக்கு இருக்கிறது. போன பிறகு வந்த வழியை மறக்கிற உரிமைதான் இல்லை.