உடைந்த கைக்கடிகாரம்

சென்ற நாள் திரும்பி வாராதா என்று ஏங்காத மனித உள்ளம் இல்லை. அடக்கச் சடங்கு முடிந்து கல்லறைத் தோட்டத்தினின்று திரும்புகையில், தம்பியோடு பல்லாண்டு பேசாதிருந்த பெரியவர் ஒருவர் நம் கையைப் பற்றிக்கொண்டார். "ஒரே ஒரு நாள் திரும்பக் கிடைத்தால் போதும், சாமி" என்றார். விடை கூற நமக்கு நா எழவில்லை.

இவ்வேக்கத்தைத் தொடும் கற்பனை ஒன்று அமெரிக்கப் படக்கதையுலகில் உண்டு. 1963இல் ஸ்டீவ் டிட்கோவும் ஸ்டான் லீயும் படைத்த 'டாக்டர் ஸ்ட்ரேஞ்ச்' என்னும் மந்திரவாதி, 'அகமோட்டோவின் கண்' என்ற பதக்கத்தை அணிபவர். படக்கதைகளில் அது பொய்த்தோற்றங்களைக் கலைத்து உண்மையைக் காட்டும் ஒளி. 2016இல் வெளிவந்த திரைப்படத்திலோ, காலத்தின் ஆற்றலை அடக்கிய பச்சைக் கல் அதனுள் இருக்கிறது. கடித்த ஆப்பிளை முழுக் கனியாக்கவும், இடிந்த நகரை எழுப்பவும் அதனால் இயலும்.

இத்தகைய ஆற்றல் கைவந்தால் மனிதன் என்ன செய்வான்? 2018இல் வந்த 'அவெஞ்சர்ஸ்' படத்தில் இதற்கு ஒரு விடை உண்டு. தானோஸ் என்னும் கொடியவனிடம் வேறொரு கல் சிக்கிவிடக் கூடாதென்று, வாண்டா என்பவள் தன் அன்பனையே தன் கையால் அழிக்கிறாள். தானோஸ் காலத்தைப் பின்னோக்கித் திருப்பி, இறந்தவனை எழுப்பி, அவனிடமிருந்து அக்கல்லைப் பிடுங்கி மீண்டும் கொல்கிறான். ஒரு பெண்ணின் ஈகம் நொடியில் இல்லாததாகிவிடுகிறது. காலத்தைத் திருப்புகிறவன் குற்றங்களை மட்டும் அழிப்பதில்லை. பிறர் மனமுவந்து செய்த நற்செயல்களையும் சேர்த்தே அழிக்கிறான் என்பது இதனால் புலப்படும்.

ஸ்ட்ரேஞ்சின் வழி வேறு. புகழ்பெற்ற அறுவை மருத்துவராயிருந்த அவர் கார் விபத்தொன்றில் கைத்திறன் இழந்தவர். அக்கைகளைக் குணப்படுத்தவே மந்திரக் கலையை நாடி வந்தவர். ஆயினும் அக்கண் கிடைத்தபின் அவர் விபத்து நாளுக்குத் திரும்பிச் செல்லவில்லை. உலகைக் காக்கும்பொருட்டுத் தம்மையே காலச் சுழலில் பிணைத்துக்கொண்டு, பகைவன் கையில் மீண்டும் மீண்டும் சாகிறார். இறுதியில் கண்ணை அதன் இடத்தில் வைத்துவிட்டு, நடுங்கும் கையில் உடைந்த கைக்கடிகாரத்தை அணிந்துகொள்கிறார்.

நடந்ததை நடவாததாக்குதல் இறைவனுக்கேனும் இயலுமா? 13ஆம் நூற்றாண்டில் புனித தோமா அக்குவினார் இவ்வினாவை எழுப்பி, இயலாது என்றே விடை பகர்ந்தார். அது முரண்பாடு, முரண்பாட்டைச் செய்யாமை ஆற்றற்குறைவு ஆகாது. பாவியின் பாவத்தை இறைவன் போக்கலாம். அவன் பாவம் செய்தான் என்ற உண்மை நிற்கும்.

அங்ஙனமாயின் இறையிரக்கம் அக்கற்பனைக் கண்ணினும் சிறியதோ? குழந்தையை இழந்த தாய் இவ்வாறு கேட்டால் நாம் அவளிடம் வாதிடத் துணியோம். அவளது ஏக்கம் குற்றமன்று, அது அன்பே. ஆனால் நாம் இழைத்த தீங்கைக் குறித்த ஏக்கத்தை ஆராய்ந்து பார்க்க வேண்டும். காலம் திரும்பினால் தீங்கு மறையும். அதனோடு தீங்குற்றவரின் கண்ணீரும், அதைக் கண்டு நாணிய நம் நெஞ்சும் மறையும். மன்னிப்புக் கேட்க ஒருவரும் இரார். மன்னிக்கவும் ஒருவரும் இரார். மன்னிப்போ நடந்ததை நடந்ததென்று ஒப்புக்கொண்ட பின்னரே பிறக்கிறது. உயிர்த்த ஆண்டவரின் திருமேனியிலும் காயங்கள் மறையவில்லை. அவற்றைக் கண்டே தோமா அவரை அறிந்துகொண்டார்.

அப்பெரியவர் கேட்ட ஒரு நாள் வரவில்லை. முப்பதாம் நாள் திருப்பலிக்கு அவர் தம்பியின் மனைவி மக்களோடு வந்தார். பூசை முடிந்தும் அவர்களோடு கல்லறையருகே நெடுநேரம் நின்றார். நாம் கூறத் தவறிய விடையை அவரே கண்டுகொண்டார். நேற்றை மாற்றும் கண் நமக்குத் தரப்படவில்லை. நேற்றை உள்ளபடி காணும் கண்ணும், அதற்கு ஈடு செய்ய இன்றைய பொழுதும் தரப்பட்டுள்ளன. நாம் பேசாதிருக்கும் உடன்பிறப்பு எவரேனும் இன்னும் உயிரோடு இருக்கிறாரா?