இழவு வீட்டிலிருந்து திரைக்கு

வடசென்னையின் கானாவுக்கு மேடையைவிட நெருக்கமான இடம் இழவு வீடு. இறந்தவரின் பெயரையும் பெருமையையும் கோத்து விடிய விடியப் பாடும் மரண கானா, ராயபுரத்திலும் வியாசர்பாடியிலும் புளியந்தோப்பிலும் தெருவே சேர்ந்து சுமக்கும் துக்கம். சினிமா நெடுங்காலம் கானாவைத் துள்ளலுக்கும் கேலிக்குமே பெரிதும் எடுத்துக்கொண்டது. 2014இல் வந்த பா. இரஞ்சித்தின் 'மெட்ராஸ்' படத்தில் பாடகர் கானா பாலா தாமே தோன்றி மரண கானா பாடியபோது, அந்தத் துக்கம் தன் மரியாதையோடு திரையேறியது. இதற்குக் கானா பாடகரே எதற்கு, நல்ல நடிகர் எதையும் பயிற்சியால் கற்றுவிடுவாரே என்று கேட்கலாம். உண்மைதான், 'சார்பட்டா பரம்பரை' படத்துக்காக நடிகர் ஆர்யா குத்துச்சண்டை பயின்று உடலையே மாற்றிக்கொண்டார். ஆனால் அழுகையை எந்த இடத்தில் விழுங்கிவிட்டு அடுத்த அடியை எடுப்பது என்பதை எத்தனையோ சாவுகளில் நின்று பாடிய தொண்டைதான் அறியும். ஆஸ்திரேலியப் பழங்குடி நடிகர் டேவிட் கல்பிலில் 1971இல் வெளியான 'வாக்அபவுட்' படத்துக்குக் கொண்டுவந்த நடனமும் அப்படித்தான்: எந்த இயக்குநரும் சொல்லித்தந்திருக்க முடியாத, யோல்ங்கு மக்களின் முதுசொம். இத்தனைக்குப் பிறகும் சினிமாக்காரர்கள் வடசென்னையின் எண்ணூர், திருவொற்றியூர்ப் பிள்ளைகளை அடியாள் கூட்டத்தின் பின்வரிசைக்கே தேடுகிறார்கள் என்பது வலிக்கிறது.