மலையிறங்கும் தெய்வம்

அலங்காநல்லூரில் நின்று வடக்கே பார்த்தால் சிறுமலை தெரிகிறது. இந்தச் சமவெளிக்கு அருகே அதைவிட ஓங்கிய மலை இல்லை. அதன் உச்சியில் வெள்ளிமலை. அங்கே அகத்தியர் நிறுவியதாக மக்கள் நம்பும் சிவலிங்கம். சிறுமலைக்கும் சதுரகிரிக்கும் வெள்ளியங்கிரிக்கும் போகிற இளைஞர்கள் ஆண்டுக்காண்டு பெருகி வருகிறார்கள். இது மகிழ்ச்சியான செய்திதான். ஆனால் உச்சியைத் தொட்டுவிட்டால் புண்ணியம் கைக்கு வந்துவிட்டது என்ற எண்ணமும் கூடவே பரவுகிறது. நம் மரபை உற்றுப் பார்த்தால், மலை ஏறியதன் பலன் இறங்கிய பிறகே தொடங்குகிறது என்றுதான் தெரிகிறது.

காரைக்கால் அம்மையாரை எடுத்துக்கொள்ளுங்கள். கயிலையைக் காலால் மிதிக்கக் கூடாதென்று தலையால் நடந்து போனவர் என்கிறது பெரியபுராணம். அவ்வளவு பாடுபட்டு வந்தவரை இறைவன் 'அம்மையே' என்று அழைத்தார். அங்கேயே இருத்திக்கொண்டாரா? இல்லை. தம் ஆடலைக் காணத் தொண்டை நாட்டுத் திருவாலங்காட்டுக்குப் போகச் சொன்னார். கயிலையில் அழைப்பு, தரையில், ஒரு காட்டூரில், முழுக் காட்சி. வைணவத்திலும் இதே செய்தியைத்தான் பார்க்கிறோம். அழகர்மலையில் எழுந்தருளியிருக்கும் பெருமாள் சித்திரையில் தாமே இறங்கி வருகிறார், மண்டூக முனிவரின் சாபம் தீர்ப்பதற்காக. திருமலை நாயக்கர் காலத்துக்கு முன்பு அவர் நம் அலங்காநல்லூர் வழியாகத் தேனூருக்குப் போய் வைகையில் இறங்கினார் என்பது வழிவழியாகச் சொல்லப்படும் வரலாறு. பதினேழாம் நூற்றாண்டில் நாயக்கர் அந்த விழாவை மதுரைக்குக் கொண்டுபோய் மீனாட்சி திருக்கல்யாணத்தோடு இணைத்தார். ஆனாலும் வண்டியூரில் பெருமாள் எழுந்தருளும் மண்டபத்துக்கு இன்றும் தேனூர் மண்டபம் என்றுதான் பெயர். மலையிலேயே இருக்கக் கூடியவர் வெயிலில், புழுதியில், கூட்டத்தில் வருகிறார். தெய்வமே மலையை விட்டு மக்களிடம் வருகிறதென்றால், மலைக்குப் போன மனிதன் என்ன செய்ய வேண்டும் என்று தனியாகச் சொல்லவும் வேண்டுமா?

'அப்படியானால் பெரியவர்கள் உச்சியில் ஏன் லிங்கத்தை வைத்தார்கள்? உயரத்துக்குத் தனிப் பெருமை உண்டல்லவா?' என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. உயரம்தான் காரணமென்றால், தமிழ்நாட்டில் யாத்திரைக் கூட்டம் 2,637 மீட்டர் உயரமுள்ள தொட்டபெட்டாவுக்கல்லவா போக வேண்டும்? அடியார்கள் அதைவிடத் தாழ்ந்த வெள்ளியங்கிரிக்கு ஏழு மலை கடந்து போகிறார்கள். இலங்கையில் மிக உயர்ந்த சிகரம் பிதுருதலாகலை, 2,524 மீட்டர். மக்கள் இரவெல்லாம் படியேறுவதோ 2,243 மீட்டர் உயரமுள்ள சிவனொளிபாதமலைக்கு. அங்கே உச்சியில் இருப்பது ஒரு பாதச் சுவடு. சைவர் சிவனடி என்றும், பௌத்தர் புத்தரடி என்றும், இஸ்லாமியர் ஆதம் நபியின் அடி என்றும் போற்றுகிறார்கள். மிக உயரத்தில் நின்று தலைவணங்குவது ஒரு காலடிக்கு! பணிவைக் கற்றுக்கொள்ளவே அவ்வளவு தூரம் ஏறுகிறோம். கயிலையை இன்றும் அடியார்கள் வலம் மட்டுமே வருகிறார்கள். உலகின் மூன்றாவது உயர்ந்த சிகரமான கஞ்சன்ஜங்காவில் 1955-இல் முதன்முதலாக ஏறிய ஜோ பிரவுனும் ஜார்ஜ் பேண்டும், சிக்கிம் மக்கள் அதைப் புனிதமாகக் கருதுவதால், கொடுத்த வாக்கைக் காத்து உச்சிக்குச் சில அடி முன்னரே நின்றுவிட்டார்கள். வேற்று நாட்டுக்காரர்களுக்கு அந்த மரியாதை புரிந்திருந்தது.

'உடலை வருத்தி ஏறுவது தவமில்லையா?' என்று இன்னொரு கேள்வி வரும். தவம்தான், சந்தேகமே வேண்டாம். மூச்சிரைக்க ஏறும்போது பணக்காரன், பதவிக்காரன் என்ற செருக்கெல்லாம் வழியிலேயே கழன்றுவிடுகிறது. முன்பின் தெரியாதவர் நீட்டும் கையைப் பிடித்துத்தான் ஏற வேண்டியிருக்கிறது. அந்த மனம் ஊருக்குத் திரும்பிய பிறகும் இருந்தால் அது தவம். இரண்டே நாளில் பக்கத்து வீட்டுக்காரரோடு வரப்புச் சண்டைக்குப் போனால், கால் வலித்தது ஒன்றுதான் மிச்சம். மலையும் தன்னிடம் உள்ளதைக் கீழே அனுப்பிக்கொண்டுதான் இருக்கிறது. சிறுமலைச் சரிவில் பெய்யும் மழை பாலமேட்டுப் பக்கத்துச் சாத்தியார் அணைக்கு வருகிறது. சிறுமலை வாழைப்பழம் பழனி முருகனின் பஞ்சாமிர்தத்தில் சேர்கிறது. மேற்கு மலையின் நீர் 1895 முதல் பெரியாற்றுக் கால்வாய் வழியாக நம் வயலுக்குப் பாய்கிறது.

அதனால் மலைக்குப் போகிற பிள்ளைகளே, வனத்துறை சொல்லும் நாளிலும் நேரத்திலும் மட்டும் ஏறுங்கள். கொண்டுபோன பிளாஸ்டிக் பாட்டிலையும் பையையும் நீங்களே கீழே கொண்டுவந்து சேருங்கள். ஓடையில் வெள்ளம் வரும் அறிகுறி தெரிந்தால் தரிசனத்தை இன்னொரு நாளைக்கு வைத்துக்கொள்ளுங்கள். 2015 மே மாதம் சதுரகிரியில் திடீர் வெள்ளம் உயிர்களைக் கொண்டுபோனதை மறக்க வேண்டாம். முழங்கால் வலியால் ஏற முடியாத தாய்மார்கள் மனம் வருந்தவே வேண்டாம். சித்திரையில் மூன்றுமாவடியில் அழகரை எதிர்கொண்டு வரவேற்கும் எதிர்சேவைக்கு வாருங்கள். அழகர் உங்களிடம் வருவார்.